வாசகர் கேள்வி – பதில்: ஆலயம் காலியான ஊரில் சபைக்கு என்ன வேலை?

கேள்வி: என் மகன் குடும்பத்தோடு இங்கிலாந்தில் இருக்கிறான். அங்கே பல ஆலயங்களை விற்று வீடுகளாகவும் உணவகங்களாகவும் மாற்றிவிட்டார்களாம். நமக்குச் சுவிசேஷம் கொண்டுவந்த நாட்டுக்கே இந்த நிலையா? அங்கே கிறிஸ்தவம் முடிந்துவிட்டதா?
– வாசகர், பாளையங்கோட்டை

பதில்: முடிந்துவிடவில்லை. ஆனால் உங்கள் மகன் சொல்வது உண்மை. 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் இங்கிலாந்தும் வேல்ஸும் சேர்ந்து 59.3 சதவீதம் பேர் தங்களைக் கிறிஸ்தவர் என்று எழுதினார்கள். 2021-இல் அது 46.2 சதவீதம். ‘மதம் இல்லை’ என்று எழுதியவர்கள் அதே பத்து ஆண்டுகளில் 25.2-இலிருந்து 37.2 சதவீதமாகப் பெருகிவிட்டார்கள். அந்த 46.2-உம் படிவத்தில் எழுதிய கணக்குதான். ஞாயிறு காலையில் ஆலயத்தில் வந்து உட்காருகிறவர்கள் அதில் ஒரு சிறு பங்கே.

நம் ஊரிலிருந்து பார்க்கிறவர்களுக்கு எளிதில் பிடிபடாத ஒன்று இதில் இருக்கிறது. இந்தியாவில் அரசுக்கு மதம் கிடையாது, மக்களுக்கு உண்டு. இங்கிலாந்தில் இது அப்படியே தலைகீழ். சட்டப்படி அங்கே மன்னர்தான் இங்கிலாந்து திருச்சபையின் உச்ச ஆளுநர். 26 பேராயர்கள் நாடாளுமன்றத்தின் மேலவையான பிரபுக்கள் சபையில் உறுப்பினர்கள். அரசுப் பணத்தில் நடக்கும் பள்ளிகளில் தினமும் ஒரு கூட்டு வழிபாடு நடக்க வேண்டும், அது பெரும்பாலும் கிறிஸ்தவத் தன்மையோடு இருக்க வேண்டும் என்று 1988-ஆம் ஆண்டுக் கல்விச் சட்டம் கொண்டுவந்த விதி இன்றும் சட்டத்தில் இருக்கிறது. இத்தனை இருந்தும் ஆலய இருக்கைகள் காலி. அரசாங்கத்தின் ஆதரவு விசுவாசத்தைக் காப்பாற்றித் தராது என்பதற்கு இதைவிடத் தெளிவான சாட்சி வேண்டியதில்லை. நம் நாட்டிலும் சபைக்கு அதிகாரம் கிடைத்தால் எல்லாம் சரியாகிவிடும் என்று நினைக்கிறவர்கள் இதைக் கவனிக்க வேண்டும்.

அங்கே யாரும் ஆலயக் கதவைப் பூட்டவில்லை. பெற்றோர் ஆலயத்துக்கு வருவதை நிறுத்தினார்கள்; பிள்ளைகளுக்கு ஜெபம் சொல்லித்தர வீட்டில் ஆளில்லாமல் போனது. 1994-இல் ஞாயிறு வணிகச் சட்டம் வந்து பெரிய கடைகளும் ஞாயிற்றுக்கிழமை திறந்தன. பிள்ளைகளின் கால்பந்துப் போட்டிகளும் ஞாயிறு காலைக்கு வந்தன. இப்போது முப்பது வயதில் இருக்கும் பலர் விசுவாசத்தை எதிர்ப்பதே இல்லை. எதிர்க்கும் அளவுக்கு அதைப் பற்றி அவர்கள் கேள்விப்பட்டதில்லை.

ஆனாலும் வழி அடைபட்டுவிடவில்லை. இங்கிலாந்தின் ஒவ்வோர் அங்குல நிலமும் ஏதோ ஒரு சேகரத்தின், அதாவது ஓர் ஆலயத்தின் பொறுப்பிலுள்ள வட்டாரத்தின், எல்லைக்குள் வருகிறது. அந்த எல்லைக்குள் குடியிருக்கிற எவரும், ஆலயப் பக்கமே வராதவரானாலும், சேகர ஆலயத்தில் திருமணம் செய்துகொள்ள உரிமை உண்டு. மணமுறிவு பெற்றவர் போன்ற சிலருக்கு மட்டும் விதிவிலக்கு. கல்லறைத் தோட்டத்தில் இடம் இருந்தால் அடக்கம் செய்யவும் உரிமை உண்டு. அதாவது அங்குள்ள குருவானவர் தம் சபையாருக்கு மட்டும் போதகர் அல்லர். அந்த வட்டாரத்தில் உள்ள அத்தனை பேருக்கும் கடன்பட்டவர். அந்தக் கடனை ஒழுங்காகச் செலுத்துகிற இடங்களில் சபை இன்னும் உயிரோடிருக்கிறது.

கேள்வி: மதுரையில் பேராயராக இருந்த லெஸ்லி நியூபிகின் இங்கிலாந்துக்குத் திரும்பிய பிறகு என்ன செய்தார்? மேலைநாட்டு இறையியல் கல்லூரிகளில் அவரைப் பெரிதும் படிக்கிறார்களாமே?
– வாசகர், மதுரை

பதில்: ஆம். அவர்கள் அவரிடம் படிப்பதில் பெரும்பகுதி தமிழ்நாட்டில் விளைந்தது. 1909-இல் பிறந்த நியூபிகின் 1936-இல் ஸ்காட்லாந்து திருச்சபையின் மிஷனரியாக வந்து காஞ்சிபுரத்தில் ஊழியம் செய்தார். நன்றாகத் தமிழ் கற்றார். 1947 செப்டம்பர் 27 அன்று சென்னை செயின்ட் ஜார்ஜ் பேராலயத்தில் தென்னிந்தியத் திருச்சபை உருவானபோது மதுரை–இராமநாதபுரம் திருமண்டலத்தின் பேராயரானார். அப்போது அவருக்கு வயது 37. இடையில் உலகத் திருச்சபை அமைப்புகளில் பணியாற்றிவிட்டு, 1965 முதல் 1974 வரை சென்னைப் பேராயராக இருந்தார். ஓய்வு பெற்றதும் மனைவி ஹெலனோடு, பேருந்து மாறி மாறித் தரைவழியாகவே இங்கிலாந்துக்குப் போனார்.

பர்மிங்ஹாமில் சில ஆண்டுகள் பாடம் நடத்தினார். பிறகு, எழுபது வயதை ஒட்டி, அதே நகரில் சிறைச்சாலைக்கு எதிரே வின்சன் கிரீன் என்ற ஏழைப் பகுதியில் இருந்த ஒரு சின்னச் சபையின் போதகரானார். மூடிவிடலாம் என்று பேசப்பட்ட சபை அது. வீடு வீடாகப் போனபோது, இந்தியாவில் சந்தித்த எதிர்ப்பைவிட இங்கே சந்தித்த குளிர்ந்த அலட்சியம் கடினமாக இருக்கிறது என்று அவர் உணர்ந்தார். அங்கிருந்துதான் அவருடைய கேள்வி பிறந்தது: காஞ்சிபுரத்துக்குப் போகிற மிஷனரி அந்த ஊரின் மொழியையும் மனதையும் வருடக்கணக்கில் கற்கிறானே, அதே கவனத்தோடு ஐரோப்பாவின் மனதை யார் கற்கிறார்கள்?

அவர் தந்த பதிலில் மூன்றை இன்றைய சபைகள் கெட்டியாகப் பிடிக்க வேண்டும். விசுவாசம் தனிமனிதனின் ருசி அல்ல. இயேசுவைப் பற்றிச் சொல்வது எல்லாருக்கும் பொதுவான உண்மை, ஆகவே பொதுவிடத்தில் சொல்லத்தக்கது. அதே சமயம், அரசதிகாரத்தின் துணையோடு ஆண்ட பழைய கிறிஸ்தவ தேசத்துக்குத் திரும்ப ஆசைப்படக் கூடாது. அப்படியானால் நற்செய்தியை மக்கள் எதை வைத்து நம்புவார்கள்? அதை நம்பி அதன்படி வாழ்கிற ஓர் உள்ளூர்ச் சபையை வைத்துத்தான் என்றார் அவர். பெரிய மேடையும் ஊடகமும் அதற்குப் பதிலாகாது. கீழே வருகிற பதில்களில் நாங்கள் சொல்வதெல்லாம் இந்த மூன்றாவது கருத்தின் மேல்தான் நிற்கிறது.

கேள்வி: மில்டன் கீன்ஸில் எங்கள் தமிழ்ச் சபை ஓர் ஆலயத்தின் மண்டபத்தை ஞாயிறு மதியம் 3 முதல் 6 வரை வாடகைக்கு எடுத்து ஆராதிக்கிறது. அறுபது பேர் வருகிறோம். ரயில் நிலைய வாசலில் துண்டுப்பிரசுரம் கொடுத்துப் பார்த்தோம். வாங்கிப் பத்தடி தள்ளிக் குப்பைத்தொட்டியில் போடுகிறார்கள். அக்கம்பக்கத்து ஆங்கிலேய மக்களுக்கு நற்செய்தியைக் கொண்டுபோக எங்களுக்கு உண்மையான வாஞ்சை இருக்கிறது. எங்கிருந்து தொடங்குவது?
– சபைச் செயலாளர், மில்டன் கீன்ஸ்

பதில்: முதல் மூன்று மாதம் எதையும் தொடங்காதீர்கள். துண்டுப்பிரசுரம் அங்கே பலிக்காததற்குக் காரணம், அது வாசிக்கிறவருக்கு ஏற்கெனவே பாதி தெரியும் என்று எண்ணி எழுதப்பட்டது. பாவம், இரட்சிப்பு, மறுபிறப்பு என்ற சொற்கள் நம் ஊரில் பிற மதத்தாருக்கும் ஏதோ ஒரு பொருள் தரும். அங்கே ஒரு தலைமுறைக்கு அவை வெறும் ஓசை. மேலும், முன்பின் தெரியாதவர் நீட்டும் தாளை நம்ப ஒருவருக்குக் காரணம் வேண்டும். அந்தக் காரணத்தை நீங்கள் இன்னும் சம்பாதிக்கவில்லை.

அந்த மூன்று மாதத்தில் வட்டாரத்தை நடந்து பாருங்கள். இருவர் இருவராக, மூன்று வேறு நேரங்களில்: பள்ளி திறக்கும் காலை எட்டரை மணி, வேலைநாளின் மதியம், வெள்ளிக்கிழமை இரவு ஒன்பது மணி. மதியம் பூங்காவில் தனியாக உட்கார்ந்திருப்பவர் யார், கைக்குழந்தையோடு நூலகத்தில் நேரம் போக்கும் தாய் யார் என்று தெரியும். பிறகு நான்கு பேரைப் போய்ப் பாருங்கள்: தொடக்கப்பள்ளித் தலைமையாசிரியர், மருத்துவர் நிலையத்தில் தனிமையில் வாடுகிறவர்களைச் சமூகக் குழுக்களோடு இணைத்துவிடும் ஊழியர், உள்ளாட்சி உறுப்பினர், உங்களுக்கு மண்டபம் தந்த ஆலயத்தின் குருவானவர். நால்வரிடமும் ஒரே கேள்வியைக் கேளுங்கள்: “இந்தப் பகுதியில் யாருக்கு யாரும் இல்லை?” உங்கள் திட்டத்தை அப்போது விவரிக்க வேண்டாம். கணக்கெடுப்புத் துறையின் இணையதளத்தில் சிறு பகுதிவாரியாகவே தகவல் கிடைக்கும். தனியாக வசிக்கும் முதியவர் எத்தனை வீடு என்று பார்த்துக்கொள்ளலாம். வேறொரு சபை ஏற்கெனவே அந்த வேலையைச் செய்கிறது என்றால் அவர்களோடு சேர்ந்துகொள்ளுங்கள். பக்கத்திலேயே இன்னொன்று தொடங்காதீர்கள்.

தமிழ்ச் சபைகளுக்கு இயல்பாகக் கைவருவது சமூக உணவு. நூறு பேருக்குச் சமைக்க நாம் பயப்படுவதில்லை. வாரம் ஒருமுறை முடியாவிட்டால் இரண்டு வாரத்துக்கு ஒருமுறை, ஆனால் ஒரே கிழமை, ஒரே நேரம். ஆண்டுக்கு ஒரு பெரிய கிறிஸ்துமஸ் விருந்தில் யாரோடும் பழக்கம் ஏற்படாது. இருபது விருந்தினருக்கு எட்டு ஊழியர் போதும். அதில் நான்கு பேரின் வேலை தட்டெடுத்துக்கொண்டு மேசையில் உட்கார்ந்து அவர்களோடு சாப்பிடுவது மட்டுமே. இதைக் கண்டிப்பாக வையுங்கள். எல்லாரும் பரிமாறும் மேசைக்குப் பின்னால் நின்றுகொண்டால் அது தர்மச்சோறு ஆகிவிடும். உட்கார்ந்து சாப்பிட்டால்தான் பந்தி.

தொடர்ந்து நடத்தப்போகிறீர்கள் என்றால், தொடங்குவதற்கு 28 நாளுக்கு முன்பே உள்ளாட்சி மன்றத்தில் உணவு வழங்குவோராகப் பதிய வேண்டும். கட்டணம் இல்லை. சமைப்பதை உள்வரை 75 டிகிரிக்குச் சூடாக்குங்கள். பரிமாறும்வரை 63 டிகிரிக்குக் கீழே போக விடாதீர்கள். இதற்கென ஒரு குத்து வெப்பமானி வாங்கிக்கொள்ளுங்கள். நம்மவர்கள் தவறுவது சோற்றில்தான். வடித்த சோற்றை அண்டாவில் அப்படியே மூடிவைத்தால் அதில் உயிர் பிழைத்திருக்கும் பாக்டீரியா வித்துகள் முளைத்து நஞ்சு சுரக்கும். மறுபடி சூடாக்கினாலும் அந்த நஞ்சு போகாது. மீந்த சோற்றை அகலமான தட்டங்களில் பரப்பி ஒரு மணி நேரத்துக்குள் ஆறவைத்துக் குளிர்பெட்டிக்கு அனுப்புங்கள், 24 மணி நேரத்துக்குள் பயன்படுத்துங்கள், ஒரே ஒருமுறைதான் சூடாக்கலாம். அவ்வளவு கவனிக்க முடியாது என்றால் மீந்ததைக் கொட்டிவிடுங்கள், வீட்டுக்குக் கட்டிக் கொடுக்காதீர்கள்.

ஒவ்வாமைப் பட்டியல் இன்னும் முக்கியம். பிரிட்டிஷ் சட்டம் 14 பொருள்களைச் சொல்கிறது. அதில் கடுகும் ஒன்று என்பது நம்மில் பலருக்குத் தெரியாது, ஆனால் நம் தாளிப்பு எல்லாவற்றிலும் அது இருக்கிறது. நல்லெண்ணெய் எள்ளில் சேரும். கூட்டுப் பெருங்காயத்தில் பெரும்பாலும் கோதுமை மாவு கலந்திருக்கும். ஆகவே ‘கோதுமை இல்லாத சாம்பார்’ என்று எழுதிவைப்பதற்கு முன் டப்பாவைத் திருப்பிப் படியுங்கள். நெய், தயிர், முந்திரி, நிலக்கடலை, மீன், இறால் எல்லாமே பட்டியலில் உள்ளவை. ஒவ்வொரு பாத்திரத்துக்கு முன்னும் ஆங்கிலத்தில் ஒரு சீட்டு வையுங்கள். காரத்தைப் பாதியாகக் குறையுங்கள்.

இனி, நற்செய்தி எங்கே வருகிறது? உணவுக்கு முன் ஆங்கிலத்தில் நான்கு வரி நன்றி ஜெபம். ஒலிபெருக்கி வேண்டாம், பாட்டு வேண்டாம். பிறகு பேச்சு மேசையில் தானாக நடக்கும். சில வாரம் கழித்து யாராவது “நீங்கள் ஏன் இதைச் செய்கிறீர்கள்?” என்று கேட்பார்கள். அதற்கு ஒவ்வோர் ஊழியருக்கும் ஒரு நிமிடத்துக்குள் சொல்லக்கூடிய, தன் சொந்த வார்த்தையிலான, சபை மொழி கலக்காத ஆங்கிலப் பதில் இருக்க வேண்டும். வீட்டில் சொல்லிப் பழகுங்கள். பேதுரு தம் முதல் நிருபத்தில் நம்பிக்கையைக் குறித்துக் கேட்கிறவர்களுக்குச் சாந்தத்தோடு உத்தரவு சொல்லச் சொன்னார். அந்த வசனத்தில் கேள்வி முதலில் வருகிறது, பதில் பிறகுதான் வருகிறது.

இந்த ஊழியம் எங்கே முறிகிறது என்பதையும் சொல்லிவிடுகிறோம். ஊழியர்கள் தங்களுக்குள் தமிழில் பேசிச் சிரிப்பது. விருந்தினருக்குத் தங்களைப் பற்றித்தான் பேசுகிறார்களோ என்று தோன்றும். முதல் நாளே பெயர், தொலைபேசி எண் கேட்டுப் படிவம் நீட்டுவது. மூன்று மாதத்தில் “ஒருவரும் ஞானஸ்நானம் எடுக்கவில்லையே” என்று நிறுத்திவிடுவது. நிறுத்துவதைவிடத் தொடங்காமலே இருந்திருக்கலாம், ஏனென்றால் கைவிடப்பட்டவர்களை இன்னொரு முறை கைவிட்டதாகும். எல்லாவற்றையும்விடப் பெரிய தவறு: ஒருவர் மனம் தொட்டு “உங்கள் ஆராதனைக்கு வரலாமா?” என்று கேட்கும்போது, மூன்று மணி நேரத் தமிழ் ஆராதனைக்குக் கூட்டிவந்து உட்காரவைப்பது. முதல் பந்தி போடுவதற்கு முன்பே அப்படிப்பட்டவர் எங்கே போவார் என்று முடிவு செய்யுங்கள். மாதம் ஒருமுறை ஒரு மணி நேர ஆங்கில ஆராதனை நீங்கள் நடத்தலாம். அல்லது மண்டபம் தந்த ஆலயத்தின் காலை ஆராதனைக்கு அவரை அழைத்துப்போய், நீங்களும் பக்கத்தில் உட்காரலாம். அவர் உங்கள் கணக்கில் வராமல் அந்தச் சபையின் கணக்கில் போனாலும் பரவாயில்லை என்ற மனம் இருந்தால்தான் இது நடக்கும்.

கேள்வி: எங்கள் சபை உணவு வங்கிக்கு உதவுகிறது. பொட்டலத்துக்குள் புதிய ஏற்பாடு ஒன்று வைக்கக்கூடாது என்கிறார்கள். அப்படியானால் சபைக்கும் அரசுசாரா நிறுவனத்துக்கும் என்ன வேறுபாடு?
– வாசகி, ஹாரோ

பதில்: உங்கள் ஆதங்கம் நியாயமானது. ஆனால் விதி சரி. டிரசல் அமைப்பின் முதல் உணவு வங்கி 2000-இல் சால்ஸ்பரியில் தொடங்கியது. அதன் மாதிரியில் நடக்கும் வங்கிகள் பெரும்பாலும் ஆலயங்களில்தான் இயங்குகின்றன. மருத்துவர், பள்ளி, ஆலோசனை மையம் போன்ற இடங்களிலிருந்து சீட்டு வாங்கி வருகிறவருக்குக் குறைந்தது மூன்று நாள் உணவு கிடைக்கும். மதம் கேட்கப்படாது. பசியோடு நிற்பவரால் நீங்கள் நீட்டுவதை ‘வேண்டாம்’ என்று சொல்ல முடியாது. மறுக்க முடியாதவரிடம் கொடுத்ததை அவர் ஏற்றுக்கொண்டார் என்று எப்படிக் கணக்கிடுவது? 1876–78 பெரும் பஞ்சத்தின்போது திருநெல்வேலியில் ஆயிரக்கணக்கானோர் சபையில் சேர்ந்தார்கள். அவர்களில் உண்மையாக நம்பியவர்களும்கூட ‘சோற்றுக்காகச் சேர்ந்தவர்கள்’ என்ற பழிச்சொல்லைச் சுமக்க நேர்ந்தது. அந்தப் பழியை வேறொரு நாட்டு ஏழையின் மேல் ஏற்றாதீர்கள்.

அதற்காகச் சபையின் முகத்தை மறைக்கவும் வேண்டாம். பலகையில் சபையின் பெயர் இருக்கட்டும். காத்திருக்கும் இடத்தில் தேநீர் வையுங்கள். பெயர் சொல்லி வரவேற்க ஒருவர் இருக்கட்டும். ஓரமாக ஒரு மேசையில் வேதாகமங்களும், ஜெபம் வேண்டுமானால் கேட்கலாம் என்ற சிறு அறிவிப்பும் இருக்கலாம். எடுப்பதும் விடுவதும் அவர் விருப்பம். இன்னொரு சிறு கவனம்: விடுதி அறையில் தங்கியிருப்பவரிடம் அடுப்பு இருக்காது, கெட்டில் மட்டும் இருக்கும். அவருக்குப் பருப்பும் அரிசியும் கொடுத்துப் பயனில்லை. வெந்நீர் ஊற்றினாலே ஆகும் பொருள்களைத் தனிப் பெட்டியாகக் கட்டிவையுங்கள். “வீட்டில் எதில் சமைப்பீர்கள்?” என்று கேட்கத் தெரிந்தவர் வாசலில் நின்றால், பொட்டலத்துக்குள் வைக்கிற புத்தகத்தைவிட அது தெளிவாகப் பேசும். வேறுபாடு கேட்டீர்களே: நிறுவனம் பயனாளிகளைக் கவனிக்கும். சபையில் அதே மனிதர் அடுத்த மாதம் வந்து, உங்களோடு பெட்டி கட்டலாம், ஞாயிறன்று உங்கள் பக்கத்தில் உட்காரலாம், ஒருநாள் உங்களுக்காக ஜெபிக்கவும் செய்யலாம்.

கேள்வி: ஓய்வுநாள் பள்ளி ஆசிரியர்கள் எல்லாரும் காவல்துறைப் பதிவுச் சரிபார்ப்பு எடுக்க வேண்டும் என்று ஆலய நிர்வாகம் கேட்கிறது. இருபது வருடமாக ஒரே குடும்பம்போல் இருக்கிறோம். இது அவமானமாக இல்லையா?
– வாசகர், குராய்டன்

பதில்: இல்லை. எடுத்துவிடுங்கள். தன்னார்வலருக்கு அரசுக் கட்டணம் கிடையாது. இங்கிலாந்து திருச்சபை மூன்றாண்டுக்கு ஒருமுறை புதுப்பிக்கச் சொல்கிறது. அந்தச் சான்று மட்டும் போதும் என்றும் நினைக்காதீர்கள். பிடிபடாதவரின் பெயர் எந்தப் பதிவிலும் இருக்காது. ஒரு பெரியவர் ஒரு பிள்ளையோடு மூடிய அறையில் தனியாக இருக்கக் கூடாது, பிள்ளைகளுக்குத் தனிச் செய்தி அனுப்பக் கூடாது, புகார் வந்தால் மூப்பர்கள் தங்களுக்குள் விசாரித்து முடிக்காமல் அன்றே பிள்ளைகள் பாதுகாப்புக்குப் பொறுப்பான அலுவலரிடம் ஒப்படைக்க வேண்டும்.

‘நம் குடும்பம்’ என்ற அந்த நம்பிக்கையில்தான் பல கொடுமைகள் ஒளிந்தன. கிறிஸ்தவ முகாம்களை நடத்திய ஜான் ஸ்மைத் என்பவர் சிறுவர்களுக்குச் செய்த கொடுமை சபைத் தலைவர்களுக்குத் தெரிந்தும் முறையாகத் தொடரப்படவில்லை என்று அதை விசாரித்த மேக்கின் அறிக்கை 2024 நவம்பரில் வெளிப்படுத்தியது. சில நாள்களில் இங்கிலாந்து திருச்சபையின் தலைமைப் பேராயரான கேன்டர்பரி பேராயர் ஜஸ்டின் வெல்பி பதவி விலகுவதாக அறிவித்தார். அங்கே அக்கம்பக்கத்தார் சபையைப் பற்றி முதலில் கேட்கிற கேள்வி ‘கடவுள் இருக்கிறாரா?’ என்பதாக இருக்காது. ‘என் பிள்ளையை இங்கே விடலாமா?’ என்பதாகவே இருக்கும்.

கேள்வி: அலுவலகத்தில் விசுவாசத்தைப் பற்றிப் பேசினால் வேலை போய்விடுமா?
– வாசகர், ரெடிங்

பதில்: சாதாரணப் பேச்சுக்குப் போகாது. 2010 சமத்துவச் சட்டம் மத நம்பிக்கையையும், நம்பிக்கை இல்லாமையையும் ஒன்றுபோலவே காக்கிறது. சிலுவைச் சங்கிலி அணிந்ததற்காகத் தடுக்கப்பட்ட பிரிட்டிஷ் ஏர்வேஸ் ஊழியர் நாடியா எவெய்டாவின் பக்கம் 2013-இல் ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதே தீர்ப்பில் ஒரு செவிலியரின் முறையீடு தள்ளப்பட்டது. நோயாளிகள் இருக்கும் அறையில் தொங்கும் சங்கிலி ஆபத்து என்பதே காரணம். இந்த வழக்கிலிருந்து நடைமுறை எல்லை புரிகிறது. கேட்டால் சொல்லுங்கள், “போதும்” என்றால் அன்றோடு நிறுத்துங்கள். உங்களுக்குக் கீழே வேலை செய்கிறவரிடம் நீங்களாகத் தொடங்காதீர்கள். அவரால் மறுக்க முடியாது. திங்கட்கிழமை “வார இறுதி எப்படி?” என்று கேட்கும்போது “ஆலயத்துக்குப் போனேன்” என்பதை விழுங்காமல் சொன்னாலே பாதி வேலை முடிந்தது.

கேள்வி: இங்கிருந்து மிஷனரிகளை அனுப்பினால் என்ன?
– வாசகர், நாகர்கோவில்

பதில்: அனுப்பலாம், இரண்டு நிபந்தனையோடு. போகிறவர் அங்குள்ள ஒரு சபையின் போதகருக்குக் கீழே குறைந்தது இரண்டு வருடம் வேலை செய்ய வேண்டும். தன் பெயரில் புதுச் சபை தொடங்கக் கூடாது. புலம்பெயர்ந்தோர் தொடங்கிய பெரிய சபைகள் பல லண்டனில் நிரம்பி வழிகின்றன. ஆனால் அவற்றில் பல தங்கள் சொந்த மக்களைத்தான் கூட்டிச் சேர்க்கின்றன. இரண்டாவது, அவர் ஆங்கில மேடைப் பேச்சைவிட ஆங்கிலேயரின் மௌனத்தைப் புரிந்துகொள்ளப் பழக வேண்டும். அங்கே ஒருவர் “சுவாரசியமாக இருக்கிறது” என்றால் பெரும்பாலும் ‘விட்டுவிடுங்கள்’ என்றுதான் பொருள்.

கேள்வி: கிறிஸ்தவ விசுவாசத்தை அறிமுகம் செய்யும் ஆல்ஃபா பாடத்திட்டத்தை எங்கள் சபையில் நடத்தினோம். வந்தவர்கள் எல்லாரும் நம் சபையாரே. எங்கே தவறு?
– வாசகி, பர்மிங்ஹாம்

பதில்: ஆல்ஃபா முதலில் சபையாருக்கான பாடமாகத்தான் இருந்தது. லண்டன் ஹோலி டிரினிட்டி பிராம்ப்டன் ஆலயத்தில் 1977-இல் தொடங்கி, 1990-இல் நிக்கி கம்பெல் பொறுப்பேற்ற பிறகுதான் வெளியாருக்காக மாற்றி அமைக்கப்பட்டது. உணவு, சிறு உரை, பிறகு குழுக் கலந்துரையாடல் என்று ஏறத்தாழ பத்து வாரம். நீங்கள் பாடத்தை அறிவித்துவிட்டு ஆளைத் தேடியிருப்பீர்கள். ஆள் முதலில் வேண்டும். மேலே சொன்ன பந்தி போன்ற ஒன்றை ஓராண்டு நடத்தினால் ஐந்தாறு பேர் பழகியிருப்பார்கள். அவர்களுக்காகத் தேதி குறியுங்கள்.

ஒரு குழுவில் பத்துப் பேருக்கு மேல் வேண்டாம், அதில் சபையார் மூவருக்கு மேல் வேண்டாம். குழுத் தலைவர் பதில் சொல்லக் கூடாது என்பதுதான் இதில் கடினமான விதி. “என் அம்மா புற்றுநோயில் இறந்தபோது உங்கள் கடவுள் எங்கே?” என்று ஒருவர் கேட்டதும் நம்மவர்களுக்கு வசனம் நாக்கில் வந்து நிற்கும். அடக்கிக்கொண்டு, “அம்மாவைப் பற்றிச் சொல்லுங்கள்” என்று கேளுங்கள். கேள்வி கேட்டவர் அடுத்த வாரம் வர வேண்டும் என்பதே அன்றைய இலக்கு.

கேள்வி: எங்கள் பக்கத்து வீட்டு ஆங்கிலேய முதியவர் இறந்துவிட்டார். மனைவி தனியாக இருக்கிறார். நம் ஊர்போல உடனே போய் உட்காரலாமா? சபை என்ன செய்யலாம்?
– வாசகி, கிராலி

பதில்: போங்கள், ஆனால் கால்மணி நேரத்தில் எழுந்துவிடுங்கள். அங்கே இறப்புக்கும் அடக்கத்துக்கும் இடையே இரண்டு மூன்று வாரம் ஆகும், சில சமயம் அதற்கும் மேல். முதல் நாள் கையால் எழுதிய ஓர் அட்டை; இறந்தவரின் பெயரையும், அவரைப் பற்றி உங்களுக்கு நினைவிருக்கும் ஒரு செய்தியையும் எழுதுங்கள். சமைத்துக் கொண்டுபோனால் திருப்பித் தர வேண்டாத பாத்திரத்தில், ஒருவர் சாப்பிடும் அளவாக, காரமில்லாமல். அடக்க ஆராதனைக்குத் தவறாமல் போங்கள். அது மதச் சடங்கே இல்லாத நிகழ்ச்சியாக இருந்தாலும் போய்ப் பின்வரிசையில் உட்காருங்கள்.

அடக்கம் முடிந்து ஆறு வாரம் கழித்துத்தான் அட்டைகளும் தொலைபேசியும் ஓய்ந்திருக்கும். அந்த நாளை நாள்காட்டியில் குறித்துவைத்து மறுபடி போங்கள். குப்பைத்தொட்டியைத் தெருவுக்கு இழுத்துவைப்பதுபோல் அவர் செய்துவந்த வேலை ஏதாவது நின்றுபோயிருக்கும். அதைக் கேட்டு எடுத்துக்கொள்ளுங்கள். உங்கள் பகுதி ஆலயத்தில் நவம்பர் தொடக்கத்தில், அந்த ஆண்டில் இறந்தவர்களின் பெயரை வாசித்து மெழுகுவர்த்தி ஏற்றும் ஆராதனை பல இடங்களில் நடக்கிறது. ஆலயத்துக்கே வராதவர்களும் இதற்கு வருவார்கள். குருவானவரிடம் சொல்லி அந்த முதியவரின் பெயரைச் சேருங்கள். அழைப்புக் கடிதம் மூன்று வாரம் முன்பே அம்மையாரின் கைக்குப் போக வேண்டும். வரும்போது தனியாக வர வேண்டியதில்லை, நீங்கள் கூடவே வருகிறீர்கள் என்பதையும் அவரிடம் நேரில் சொல்லுங்கள். பெயரின் எழுத்தையும் உச்சரிப்பையும் அவரிடமே கேட்டு, வாசிக்கப் போகிறவரிடம் முந்தின நாளே கொடுத்துவிடுங்கள்.